உன் பெயரில் நான் போட்ட கையெழுத்து

ஜெனிக்கு,

போனில் சொல்லிவிடலாம் என்று இரண்டு முறை முயன்றேன். முதல் முறை நீ ஆபீஸ் மீட்டிங்கில் இருந்தாய். இரண்டாவது முறை நீயே எடுத்து, "அப்பா, மண்டபக்காரர் பேசினாரா?" என்று ஆரம்பித்ததும் எனக்கு வாய் வரவில்லை. அதனால்தான் எழுதுகிறேன். வரும் ஞாயிற்றுக்கிழமை இரண்டாம் பூசையில் உன் கல்யாண ஓலையை வாசிக்கப்போகிறார்கள். இன்னாருடைய மகனுக்கும் இன்னாருடைய மகளுக்கும் திருமணம், தடை ஏதாவது தெரிந்தவர்கள் வந்து சொல்லலாம் என்று மூன்று வாரம் கோயிலில் அறிவிப்பார்கள். அதற்கு முன்னால் நான் உன்னிடம் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. உன் கல்யாணத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஆனால் இந்த வீட்டிலிருந்து நீ கிளம்பும்போது, உனக்கே தெரியாத ஒரு காகிதம் உன் பெயரில் சர்க்கார் ஃபைலில் இருக்கக் கூடாது. மூன்று வருஷமாக இருக்கிறது. அதை அங்கே வைத்தவன் நான்.

உன் அண்ணனைப் பற்றி நாம் மூன்று பேரும் சேர்ந்து உட்கார்ந்து பேசியதே இல்லை. அருள் போனபோது அவனுக்கு இருபத்திரண்டு வயது, உனக்குப் பதினொன்று. அடையாறில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் அவனுக்கு வேலை. கடையில் கழித்துப்போட்ட, கண் பரிசோதிக்கும் எழுத்து அட்டை ஒன்றை வீட்டுக்குக் கொண்டுவந்து சுவரில் மாட்டி, உன்னைக் கூடத்தின் அந்தக் கோடியில் நிற்கவைத்துப் படிக்கச் சொல்வான். நீ கடைசி வரியை மனப்பாடம் செய்து வைத்துக்கொண்டு அவனை ஏமாற்றுவாய். மகேஷ் அவனைவிட ஒரு வயது பெரியவன், பட்டினப்பாக்கத்துப் பையன். இருவரும் சிறு வயதிலிருந்து மணலில் ஒன்றாக ஃபுட்பால் ஆடியவர்கள். அவனுடைய அம்மா கன்னியம்மா நம் தெருவுக்குக் கூடையில் மீன் கொண்டுவருவாள். மகேஷ் நம் வீட்டில் எத்தனையோ நாள் சாப்பிட்டிருக்கிறான். நீ அவனை மகேஷ் அண்ணா என்றுதான் கூப்பிடுவாய். பிறகும் உனக்கு அந்த வார்த்தை மாறவில்லை என்பது எனக்குத் தெரியும். அதற்கு வருகிறேன்.

நீ கண்ணால் பார்த்ததை உனக்கு நான் சொல்லத் தேவையில்லை. அதற்கு முன்னால் நடந்த ஒன்று உனக்குத் தெரியாது. ஒரு நாள் காலை கன்னியம்மா நம் வாசலில் உட்கார்ந்து சங்கரா மீனைச் செதில் எடுத்துக்கொண்டே அருளிடம் கேட்டாள். "தம்பி, இவன் மீன் புடிக்கப் போட்டுக்குப் போறதே இல்ல. எங்க போறான், யாரோட சுத்திக்கினு கீறான், ஒண்ணும் தெர்ல. நீ கொஞ்சம் பாத்து எங்கையில சொல்லுப்பா." அருள் பத்து நாள் கழித்து என்னிடம் வந்தான். மகேஷ் கஞ்சா விற்கும் கூட்டத்தோடு சேர்ந்திருக்கிறான், சொன்னால் நட்பு போய்விடும், சொல்லாவிட்டால் ஆளே போய்விடுவான், என்ன செய்வது என்று கேட்டான். நான் வாத்தியார் இல்லையா, யோசிக்காமல் பதில் சொன்னேன். "சொல்லிடு. பெத்தவளுக்குத் தெரியணும்." அவன் சொன்னான். கன்னியம்மாவின் தம்பி மகேஷை நாலு பேர் பார்க்க அடித்தான். மூன்றாம் நாள் சாயங்காலம் அருள் உன்னை மந்தைவெளி டியூஷனிலிருந்து பைக்கில் கூட்டிக்கொண்டு வந்தபோது, தெருமுனை இஸ்திரி வண்டி பக்கத்தில் மகேஷ் நின்றிருந்தான். "எங்கம்மாகிட்ட ஏண்டா போட்டுக் குடுத்த?" என்று கேட்டான். கையில் மீன் வெட்டும் கத்தி இருந்தது. மற்றது நீ அறிந்ததுதான்.

நான் சொன்னது தப்பா என்று பல வருஷம் யோசித்தேன். தப்பில்லை என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். ஆனாலும் அந்த ஒரு வார்த்தையை எடுத்துக்கொண்டு அருள் போனான் என்பது மாறாது. இதை உன் அம்மாவிடம்கூட நான் சொன்னது போன மாதம்தான்.

கோர்ட்டில் நீ சாட்சி சொன்னபோது உனக்குப் பதின்மூன்று வயது. கூண்டில் ஏறி நின்றால் முகம் தெரியாது என்று ஜட்ஜ் உன்னைப் பக்கத்தில் வரச்சொல்லி நாற்காலி போடச் சொன்னார். எதிர்த்தரப்பு வக்கீல் குரலை உயர்த்தவே இல்லை, கெட்டிக்காரர். "இதெல்லாம் உங்க அப்பா சொல்லிக் குடுத்ததுதானேம்மா?" என்று கேட்டார். நீ அவரை நிமிர்ந்து பார்த்து, "அப்பா அங்க இல்ல சார். நான்தான் இருந்தேன்" என்றாய். அவ்வளவுதான் சொன்னாய். அதற்கு மேல் அவர் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. நான் பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். உன்னை நினைத்து எனக்குப் பெருமையாக இருந்தது. அந்த வாக்கியத்தை நான் சரியாகக் காதில் வாங்கவில்லை என்பது இத்தனை வருஷம் கழித்துத்தான் புரிகிறது. ஆயுள் தண்டனை என்று தீர்ப்பு வந்தது. வழக்கு முடிந்தது என்று எல்லாரும் சொன்னார்கள். நம்மைப் போன்றவர்களுக்கு ஆயுள் தண்டனை என்றால் என்ன, எத்தனை வருஷம், இடையில் எப்போது வெளியே விடுவார்கள், அதை யார் முடிவு செய்வார்கள் என்று ஒருவரும் சொல்லவில்லை. நாமும் கேட்கவில்லை. ஆயுள் என்றால் ஆயுள்தானே என்று இருந்துவிட்டோம்.

நீ ஒன்பதாவதிலிருந்து பன்னிரண்டாவது வரை இரவில் விளக்கை அணைக்கவிடாமல் தூங்கிய வருஷங்கள் போய், காலேஜ் சேர்ந்து கொஞ்சம் தேறிவந்த சமயம். உன் அம்மா ஒரு நாள் காலை லஸ்ஸுக்குக் காய் வாங்கப் போனாள். அரை மணியில் வெறும் பையோடு திரும்பிவந்து நாற்காலியில் உட்கார்ந்தாள். தண்ணீர் கொடுத்தேன், குடிக்கவில்லை. "அவன் பஸ் ஸ்டாப்ல நிக்கறான்" என்றாள். யார் என்று நான் கேட்கவில்லை. மகேஷின் அப்பா இறந்துபோயிருக்கிறார். காரியத்துக்காக அவனுக்குச் சில நாள் விடுப்பு கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள். அதில் தப்பு ஒன்றும் இல்லை, பெற்றவனுக்குக் கொள்ளி வைக்கப் பிள்ளை வரத்தான் வேண்டும். ஆனால் நம்மிடம் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் உன் அம்மா அந்த நாலு நாள் லஸ் பக்கம் போயிருக்க மாட்டாள். நான் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய்க் கேட்டேன். மரியாதையாகத்தான் பேசினார்கள். "உங்களுக்கு எதுக்கு சார் சொல்லணும்? கேஸ் உங்களுக்கும் அவனுக்கும் இல்ல. சர்க்காருக்கும் அவனுக்கும்" என்றார் அங்கே இருந்த ஏட்டு. வீட்டுக்கு வந்து தீர்ப்பு நகலை எடுத்துப் பார்த்தேன். அவர் சொன்னது சரி. வழக்கின் பெயரில் ஒரு பக்கம் அரசு, மறுபக்கம் மகேஷ். அருள் உள்ளே எங்கேயோ, 'இறந்துபோனவர்' என்ற பெயரில் இருந்தான். அதற்குப் பிறகு உன் அம்மா மீன் வாங்கச் சைதாப்பேட்டைக்குப் போக ஆரம்பித்தாள். காரணம் கேட்டால், அங்கே நல்ல மீன் கிடைக்கிறது என்பாள்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் நீ ஹைதராபாத்தில் வேலைக்குச் சேர்ந்து நாலு மாதம் ஆகியிருந்தது. ஒரு மத்தியானம் ஒரு நன்னடத்தை அலுவலர் நம் வீட்டைத் தேடி வந்தார். பதினான்கு வருஷம் முடித்த ஆயுள் கைதிகளைத் தண்டனை முடியும் முன்பே விடலாமா என்று அரசு பரிசீலிக்குமாம். ஜெயிலில் அவன் எப்படி நடந்துகொண்டான், வெளியே வந்தால் எங்கே இருப்பான், ஊரில் சச்சரவு வருமா என்றெல்லாம் விசாரித்து ஒரு குழுவுக்கு எழுதி அனுப்புவது அவர் வேலை. அந்தப் படிவத்தில் ஓர் இடத்தில், 'பாதிக்கப்பட்டவரின் குடும்பத்தார் கருத்து' என்று போட்டு இரண்டே இரண்டு கோடு விட்டிருந்தார்கள். பேனாவை வைத்துக்கொண்டு காத்திருந்தார். உன் அம்மா பெசன்ட் நகரில் உன் சித்தி வீட்டில் இருந்தாள். நான் ஆட்சேபணை என்று சொன்னேன். "மகளும் சாட்சிங்களே சார், அவங்களும் எழுதிக் குடுத்தா வெயிட்டா இருக்கும். நாளைக்கு வந்து வாங்கிக்கறேன்" என்று ஒரு வெள்ளைத் தாளை வைத்துவிட்டுப் போனார்.

உனக்குப் போன் செய்ய வேண்டியதுதான் பாக்கி. போனைக் கையில் எடுத்தேன், கீழே வைத்தேன். இப்போதுதான் அந்தப் பெண் நிம்மதியாகத் தூங்குகிறாள், மறுபடியும் கிளற வேண்டாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சாயங்காலம் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, உன் பழைய பாஸ்போர்ட் விண்ணப்ப நகலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, 'என் அண்ணனைக் கொன்றவரை விடுதலை செய்வதைக் கடுமையாக எதிர்க்கிறேன்' என்று எழுதி உன் கையெழுத்தைப் போட்டேன். முப்பது வருஷம் ரேங்க் கார்டில் அப்பாவின் கையெழுத்தைத் தானே போட்டுக்கொண்டு வந்த பையன்களைப் பிடித்து முட்டி போடவைத்தவன் நான். அந்தப் பையன்களைவிட நன்றாகப் போட்டேன் என்று வேண்டுமானால் சொல்லலாம்.

உன்னைக் காப்பாற்றத்தான் செய்தேன் என்று எழுதினால் இந்தக் கடிதத்திலும் நான் பொய் சொல்கிறேன் என்று ஆகும். உண்மைக் காரணம் வேறு. அதற்கு இரண்டு வருஷம் முன்னால், நீ லீவுக்கு வந்திருந்தபோது, எலியட்ஸ் பீச்சில் நாம் இருவரும் சுண்டல் சாப்பிட்டுக்கொண்டு நடந்தோம். நீ திடீரென்று, "அப்பா, மகேஷ் அண்ணா இன்னும் உள்ளதான் இருக்காங்களா? எப்பயாவது யாராவது போய்ப் பாக்கறாங்களா?" என்று கேட்டாய். "அந்தப் பேரை எடுக்காத. அண்ணனாம் அண்ணன்" என்று நான் சீறிவிட்டேன். நீ சுண்டல் பொட்டலத்தை மடித்துக்கொண்டு எனக்கு முன்னால் காருக்கு நடந்தாய். நீ ஏன் கேட்டாய் என்று எனக்குத் தெரியாது. பயத்தில் கேட்டாயா, இரக்கத்தில் கேட்டாயா, சும்மா கேட்டாயா, தெரியாது. ஆனால் அந்தக் கேள்வி எனக்குள் உட்கார்ந்துகொண்டது. போன் செய்து உன்னைக் கேட்டால் நீ வேறு பதில் சொல்லிவிடுவாயோ என்ற பயம்தான் என்னைத் தடுத்தது. உன் பதிலுக்குப் பயந்துதான் உன் பதிலை நான் எழுதினேன்.

பதினொன்றாம் வகுப்பில் நீ காமர்ஸ் எடுக்க ஆசைப்பட்டபோது படிவத்தை நான் பூர்த்தி செய்து சயின்ஸ் என்று எழுதிக்கொடுத்தது நினைவிருக்கிறதா? டாக்டரிடம் போனால் உன்னைக் கேட்கும் கேள்விக்கு நான் பதில் சொல்வேன், ஹோட்டலில் சர்வர் உன்னைக் கேட்டால், "பாப்பாவுக்கு இட்லி" என்பேன், உனக்கு இருபது வயது ஆன பிறகும். நீ சிரித்துக்கொண்டே விட்டுவிடுவாய். சின்ன விஷயங்களில் விட்டுவிட்டதால் எனக்கு அது பழக்கமாகிப்போனது. இதை உன்மேல் குறையாகச் சொல்லவில்லை.

மகேஷுக்கு விடுதலை மறுக்கப்பட்டது. தபாலில் அல்ல, விசாரித்துத்தான் தெரிந்துகொண்டேன். அன்று எனக்கு நிம்மதியாக இருந்தது. மறைக்க வேண்டியதில்லை. ஒரு மாதம் போயிருக்கும். வாசலில் யாரோ நிற்பது தெரிந்து வெளியே போனால் கன்னியம்மா. பதினான்கு வருஷத்துக்குப் பிறகு நம் வாசலுக்கு முதல் முறையாக வந்திருக்கிறாள். கூடை இல்லை, கை இரண்டையும் முந்தானையில் சுற்றிக்கொண்டு நின்றாள். உள்ளே கூப்பிட்டேன், வரவில்லை. "இல்ல சார். ஒரு வார்த்த சொல்லிக்கினு போலாம்னு வந்தேன். பாப்பாவே வேணாம்னு எய்திக் குடுத்துச்சாம். எம் புள்ளையாண்ட காயிதத்துல போட்டுக் குடுத்துக்கீறாங்க. நானு அதுக்குக் கோவப்பட்ல சார். அது கண்ணால பாத்த புள்ள. வேற யாரு வேணாம்னு சொல்லியிருந்தாலும் மண்ண வாரித் தூத்திருப்பேன். அது சொன்னா சரி. எம் புள்ளையும் அதான் சொன்னான், பாப்பா சொல்லிட்ச்சுல்ல, வுடு, இனிமே மனு போட வேணாம்னான்." அவ்வளவும் சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தாள். நான் வாய் திறக்க வேண்டிய இடம் அது. "சரி கன்னியம்மா" என்றேன். அவள் போய்விட்டாள். ஜெனி, கையெழுத்துப் போட்டதைவிட அந்த 'சரி'தான் பெரிய தப்பு. தன் பிள்ளையை வெளியே விடாத ஒரு சொல்லை அவள் உன் சொல் என்று நம்பி ஏற்றுக்கொண்டாள். உனக்குக் கொடுத்த மரியாதை அது. அதை நான் வாங்கி என் பையில் போட்டுக்கொண்டேன்.

போன மாதம் மறுபடியும் பரிசீலனை வந்தது. அவன் மனு போடவில்லை. ஜெயிலிலிருந்தே அவர்கள் பட்டியலில் சேர்த்திருக்கிறார்கள். இந்த முறை வந்தவர் ஒரு பெண் அலுவலர், உன்னைவிட நாலைந்து வயது மூத்தவராக இருக்கலாம். வேளச்சேரியிலிருந்து பறக்கும் ரயிலில் வந்ததாகச் சொன்னார். உன் அம்மா காபி கொடுத்தாள். அவர் ஃபைலைத் திறந்து, "போன தடவை உங்க டாட்டரும் எழுதிக் குடுத்திருக்காங்க. அதே நிலைதானா, மாறியிருக்கான்னு தெரிஞ்சிக்கணும்" என்று சொல்லித் தாளை மேஜைமேல் வைத்தார். உன் அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தாள். கொஞ்ச நேரம் பார்த்தாள். "இது ஜெனி கையெழுத்து இல்ல" என்றாள். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. நான்தான் போட்டேன் என்று சொன்னேன். அந்த அலுவலர் சற்று நேரம் பேனாவை மூடித் திறந்துகொண்டிருந்தார். "சார், இதை நான் எழுதாம இருக்க முடியாது" என்றார். எழுதுங்கள் என்றேன். என் வாக்குமூலத்தை வாங்கிக்கொண்டார். அதனால் என்மேல் ஏதாவது நடவடிக்கை வரலாம். வந்தால் நான் போய் நிற்பேன், நீ அதற்காக லீவு போட்டு வர வேண்டாம். "என் மகள் பேர்ல அந்தத் தாள் இருந்ததாலதான் போன தடவை நிராகரிச்சாங்களா?" என்று கேட்டேன். "அது ஒண்ணுதான் காரணம்னு சொல்ல முடியாது. காரணங்கள்ல அதுவும் இருக்கு" என்றார். நேர்மையான பதில். அவன் கூடுதலாக உள்ளே இருந்த மூன்று வருஷத்தில் எனக்கு எவ்வளவு பங்கு என்று இனி யாராலும் சொல்ல முடியாது.

அன்று உன் அம்மா அவரிடம் கேட்டது எனக்குத் தோன்றாத கேள்வி. "எங்க கருத்துன்னு ஒரே இடம்தான் விட்டிருக்கீங்க. நாங்க மூணு பேரும்மா. மூணு பேருக்கும் ஒரே மாதிரிதான் இருக்கணுமா?" அந்த அலுவலர் தன் பையிலிருந்து மூன்று தனித்தாள்களை எடுத்தார். "இருக்க வேண்டியதில்லைங்க. தனித்தனியாவே எழுதுங்க, மூணையும் சேர்த்து அனுப்பறேன்" என்றார். உன் அம்மா உள்ளே படுக்கையறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு எழுதினாள். மடித்துக் கொடுத்தாள். அவள் என்ன எழுதினாள் என்று எனக்கு அப்புறம் சொன்னாள். நான் அதை இங்கே எழுதப்போவதில்லை. நீ அவளிடமே கேட்டுக்கொள்.

நான் எழுதியதைச் சொல்கிறேன். விடலாம் என்றும் எழுதவில்லை, விடக்கூடாது என்றும் எழுதவில்லை. போன முறை என் பெயரிலும் உன் பெயரிலும் எழுதியதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன் என்று எழுதினேன். அவனை விடுவதா இல்லையா என்பது அரசின் பொறுப்பு. அவன் மாறிவிட்டானா என்று பார்க்க அவர்களுக்கு வழி இருக்கிறது, எனக்கு இல்லை. ஆனால் விடுவதாக இருந்தால் எந்தத் தேதியில் என்று ஒரு வாரம் முன்னால் எங்களுக்குச் சொல்ல வேண்டும், அவன் எங்கே தங்குவான் என்று சொல்ல வேண்டும், என் மனைவி இன்னொரு முறை அவனைத் திடீரென்று பஸ் ஸ்டாப்பில் பார்க்கக் கூடாது என்று எழுதினேன். விடவில்லை என்றாலும் காரணத்தை எங்களுக்கும் சொல்ல வேண்டும் என்று எழுதினேன். கடைசியாக, ஃபைலில் இறந்துபோனவர் என்று வரும் இடத்தில் ஒரு தடவையாவது அருள் என்று எழுதச் சொன்னேன். அலுவலர் அதை வாசித்துவிட்டு, என் எதிரிலேயே தன் அறிக்கையின் முதல் வரியில் அவன் பெயரை எழுதினார்.

நம் தெருக் கிறிஸ்தவக் குடும்பங்கள் கூடி ஜெபிக்கும் அன்பியக் கூட்டத்தில் சிலர் நல்ல மனதோடுதான் உன் அம்மாவிடம், மன்னித்துவிடுங்கள், பாரம் இறங்கும் என்று பல வருஷமாகச் சொல்லிவருகிறார்கள். நானும் அதைப் பற்றி யோசித்திருக்கிறேன். மன்னிப்பது வேறு, விடுதலைக்குச் சம்மதிப்பது வேறு. மன்னிக்காமலேயே ஒருவன் வெளியே வரட்டும் என்று சொல்லலாம். மன்னித்த பிறகும், எனக்குப் பயமாக இருக்கிறது, தூரமாக இருக்கட்டும் என்று சொல்லலாம். நம்மிடம் கேட்க வேண்டியது நம் மனதின் பெருந்தன்மையை அல்ல. உங்களுக்கு என்ன நடந்தது, இப்போது எப்படி இருக்கிறீர்கள், எதற்குப் பயப்படுகிறீர்கள் என்பதை. முடிவு நம் கையில் இருக்க வேண்டும் என்றும் நான் நினைக்கவில்லை. என் கையில் இருந்தபோது நான் என்ன செய்தேன் என்பதைத்தான் பார்த்தாயே. கேட்க வேண்டும், கேட்டதை உள்ளபடி எழுத வேண்டும், முடிவைச் சொல்ல வேண்டும். அவ்வளவு போதும். அது கிடைக்கவே நமக்கு இத்தனை வருஷம் ஆனது. கிடைத்த முதல் முறை உன் பங்கை நானே எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை லூப் ரோட்டு மீன் மார்க்கெட்டுக்குப் போனேன். கன்னியம்மாவுக்கு இப்போது அங்கே உள்ளே ஓர் இடம் இருக்கிறது. இடுப்பு வளைந்துவிட்டது, ஆனால் கை வேகம் குறையவில்லை. என்னைப் பார்த்ததும், "இன்னா சார், இம்மாந்தூரம்?" என்று எழுந்தாள். உட்காரச் சொல்லிவிட்டு நின்றபடியே சொன்னேன். "கன்னியம்மா, அது ஜெனி கையெழுத்து இல்ல. அவளுக்கு ஒண்ணும் தெரியாது. நான்தான் போட்டேன். அன்னைக்கு நீ வந்து சொன்னப்பவும் மறைச்சிட்டேன்." அவள் கையில் இருந்த மீனைத் தட்டில் வைத்தாள். தண்ணீரில் கையை அலம்பினாள், துடைத்தாள், மறுபடியும் அலம்பினாள். "மூணு வருசமா மாதா மாதம் புழல் ஜெயிலுக்குப் போறேன் சார். ஒவ்வொரு வாட்டியும் கேப்பான், பாப்பா எப்டி கீது, நல்லா கீதான்னு. அது சொன்னத நான் ஏத்துக்கினேன்மா, அது நல்லா இருந்தா போதும்னுவான்." பக்கத்துக் கடைக்காரி எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "உம் புள்ளைய எம் புள்ள கொன்னுட்டான். நீ வேணாம்னு எய்து. நூறு வாட்டி எய்து. உனக்கு அந்த உரிம கீது. அந்தப் புள்ளையக் கேக்காம ஏன் சார் எய்தின?" என்றாள். குரல் ஏறவில்லை. தப்பு என்று சொன்னேன். "இப்போ இன்னா பண்ணப்போற?" என்றாள். "ஜெனிகிட்ட சொல்லப்போறேன். அவ என்ன சொல்றாளோ அதுதான்." கன்னியம்மா தலையை ஆட்டினாள். "அது வேணாம்னு சொன்னாலும் சரி சார். ஆனா அது வாயால வரட்டும்." நான் திரும்பி நாலு எட்டு வைத்த பிறகு கூப்பிட்டாள். "பாப்பாவுக்குக் கல்யாணமாமே?" ஆமாம் என்றேன். "நல்லா இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்து மீனைக் கையில் எடுத்தாள்.

கல்யாணம் ஆகிப் போகிற பெண்ணுக்கு அப்பன் நிறைய எழுதுவான். எனக்கு எழுத இருப்பது ஒன்றுதான். உன் கணவனுக்காக நீ பதில் சொல்லாதே, அவன் உனக்காகப் பதில் சொல்ல விடாதே, அன்பாகச் சொன்னாலும் விடாதே. அன்பாகச் சொல்வதுதான் விடுவதற்குச் சுலபம். நாளைக்குக் குழந்தை பிறந்தால், அதற்குப் பேச்சு வந்த அன்றிலிருந்து அதையே கேள். பதில் உனக்குப் பிடிக்காததாக இருக்கும் என்று தோன்றும்போது கட்டாயம் கேள். என் வயதுக்கு வந்த பிறகு இதைக் கற்றுக்கொள்வது கஷ்டமாக இருக்கிறது. இந்தக் கடிதத்தை எழுதும்போதே, நீ என்ன சொல்ல வேண்டும் என்று ஒரு பத்தி எழுதி, பிறகு அந்தத் தாளைக் கிழித்துப் போட்டேன். அது எந்தப் பக்கமாகச் சாய்ந்தது என்றும் உனக்குத் தெரிய வேண்டாம்.

நீ என்மேல் கோபப்பட்டால் படு. கொஞ்ச நாள் பேசாமல் இருக்கத் தோன்றினால் இரு. கோயிலில் என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்து வர மனம் வரவில்லை என்றால், அம்மாவோடு வா. நான் முதல் வரிசையில் உட்கார்ந்திருப்பேன். மூன்றாவது தாள் இன்னும் வெள்ளையாக அந்த அலுவலரிடம் இருக்கிறது. நீ எழுதி அனுப்பலாம், இல்லை சொன்னால் அவரே எழுதிக்கொள்வார். ஒன்றும் சொல்ல விருப்பமில்லை என்று சொல்லவும் உனக்கு உரிமை உண்டாம், அதையும் அப்படியே பதிவு செய்வாராம். உன் நம்பரைக் கேட்டார், கொடுத்தேன். அதற்குக்கூட உன்னைக் கேட்டிருக்க வேண்டும், மன்னித்துக்கொள். வருகிற புதன்கிழமை காலை பதினொரு மணிக்குக் கூப்பிடுவார். உன் பெயரைச் சொல்லி, நீதானா என்று கேட்பார். அதற்கு மேல் நீ பேசு.

அப்பா